தாராவியின் மேல்தளத்தில் குடியிருப்பவர்கள்

தாராவியின் சந்துகளில் நடப்பவர் கண்ணில் முதலில் படுபவை வீடுகளின் வெளிச்சுவரோடு செங்குத்தாக நிற்கும் இரும்பு ஏணிகள். கீழ்த்தளத்தில் வீட்டுக்காரர் குடியிருப்பார். அல்லது ஒரு தையற்கூடமோ தோல்பைப் பட்டறையோ நடக்கும். ஏணிவழி மேலே ஏறினால் ஒற்றை அறை. அதில் வாடகைக்கு ஒரு குடும்பம். ஒரு கையில் தண்ணீர்க் குடமும் மறுகையில் குழந்தையுமாக அந்த ஏணியில் நாள்தோறும் ஏறி இறங்குபவர் பெரும்பாலும் ஒரு பெண்ணாகவே இருப்பார். முன்பணம், வாடகை, மின்கட்டணப் பங்கு, குழாயடி முறை, மேலிருந்து கீழே சொட்டும் தண்ணீரால் வரும் மனத்தாங்கல், காய்ச்சலில் கிடக்கும்போது கீழ்வீட்டிலிருந்து வரும் கஞ்சி என்று தாராவியின் உறவுகளில் பாதி அந்த ஏணியில்தான் நடக்கின்றன.

2024ஆம் ஆண்டு மார்ச் மாதம் மறுசீரமைப்புக்கான வீடுவாரிக் கணக்கெடுப்பு தொடங்கியதிலிருந்து அந்த ஏணி ஓர் எல்லைக்கோடாகவும் ஆகிவிட்டது. 2000ஆம் ஆண்டு ஜனவரி 1க்கு முன்பிருந்தே கீழ்த்தளத்தில் குடியிருப்பதாகக் காட்டக்கூடியவர்களுக்குத் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு, விலையின்றி. அந்த நாளுக்குப் பின்னும் 2011 ஜனவரி 1க்கு முன்னும் வந்தவர்களுக்குத் தாராவிக்கு வெளியே, 2.5 லட்சம் ரூபாய் கட்டினால் 300 சதுர அடி வீடு. அதற்கும் பின்னால் 2022 நவம்பர் 15 வரை வந்தவர்களுக்கும், எந்த ஆண்டில் வந்திருந்தாலும் மேல்தளத்தில் குடியிருப்பவர்களுக்கும், வெளியே வாடகை வீடு. பிற்பாடு அதை விலைக்கு வாங்கிக்கொள்ளும் வாய்ப்பு. ஆக, ஒரே கூரையின்கீழ் இருபது ஆண்டுகள் வாழ்ந்த இரு குடும்பங்களில் ஒன்று ஊரில் தங்கும். மற்றொன்று ஊரை விட்டுப் போகும்.

தமிழ்த் திரைப்படம் தாராவியைப் பற்றி ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளாகப் பேசிவருகிறது. அந்த மண்ணின் வீரத்தையும் கண்ணீரையும் தமிழகத்தின் கடைக்கோடி ஊர்வரை கொண்டு சேர்த்தது திரைப்படமே. எனினும் அந்தப் படங்களை வரிசையாக வைத்துப் பார்க்கையில் ஒன்று தெளிவாகிறது. தாராவித் தமிழரை அவை ஒரு தலைவரின் குடும்பமாகவே கண்டன. எல்லா உறவுகளும் அந்தத் தலைவரை நோக்கியே ஓடின. ஏணியின் மேலே இருந்த குடும்பத்துக்கு அவற்றில் முகம் கிடைக்கவில்லை. கணக்கெடுப்புத் தாளும் திரைக்கதையும் ஒரே இடத்தில் கண்ணை மூடிக்கொள்கின்றன என்பது தற்செயலாக இருக்கலாம். அதன் விளைவு தற்செயலானதன்று.

மும்பைத் தமிழர் என்பது ஒற்றைச் சமூகம் அன்று என்பதை முதலில் நினைவிற்கொள்ள வேண்டும். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் தோல் பதனிடும் தொழில் தாராவிச் சதுப்பு நிலத்துக்கு வந்தபோது, அதனோடு திருநெல்வேலிச் சீமையிலிருந்து ஆதி திராவிடரும் தமிழ் முஸ்லிம்களும் வந்தார்கள். அவர்களுக்கு முன்பே அங்கே கோலி மீனவர்கள் இருந்தார்கள்; சௌராஷ்டிரத்துக் குயவர்களும் வந்து கும்பார்வாடாவை அமைத்தார்கள். மாட்டுங்காவின் கதை வேறு. எழுத்தர்களாகவும் கணக்கர்களாகவும் ஆசிரியர்களாகவும் வந்த நடுத்தர வகுப்பினர், பெரிதும் பிராமணர், அங்கே குடியேறினர். தென்னிந்தியக் கல்விக் கழகம் 1932இலும், சண்முகானந்த சபா 1952இலும் அவர்களால் தோன்றின. அவர்களுக்கு அடுத்த தலைமுறையில் பலர் இடம் தேடிச் செம்பூருக்குப் பெயர்ந்தனர். மாட்டுங்கா ரயில் நிலையத்திலிருந்து தாராவிக்கு நடந்தே போய்விடலாம். அந்தச் சிறு தொலைவுக்குள் சாதி, வகுப்பு, தொழில் என்று எத்தனையோ மதில்கள் நின்றன, நிற்கின்றன.

இந்தி சினிமா இந்த வேறுபாடுகள் எதையும் பார்க்கவில்லை. அதற்குத் தமிழர் என்றால் சிரிப்பு. 1968இல் வந்த 'படோசன்' படத்தில் மெஹ்மூத் ஏற்ற பாட்டு வாத்தியார் பிள்ளையும், 1990இல் வந்த 'அக்னிபத்' படத்தில் மிதுன் சக்கரவர்த்தி ஏற்ற இளநீர் விற்கும் கிருஷ்ணன் ஐயரும் அந்தச் சிரிப்பின் இரண்டு முகங்கள். இரண்டாமவர் அன்பானவர், துணிந்தவர். ஆனாலும் உச்சரிப்பால்தான் அடையாளம் காணப்படுகிறார். இந்த இரு படங்களுக்கும் இடைப்பட்ட காலத்தில், 1966இல் தொடங்கப்பட்ட சிவசேனை தென்னிந்தியருக்கு எதிராக இயக்கம் நடத்தியது. உடுத்தும் லுங்கியே வசைச் சொல்லாயிற்று. திரையில் சிரிப்பும் தெருவில் வசையுமாக இருந்த ஓர் ஊரில், தமிழர் தலைநிமிர்ந்து நடக்கும் ஒரு படம் எவ்வளவு வேண்டியிருந்தது என்பதை இன்று முழுதாக உணர்வது கடினம்.

அந்தப் படம் 1987ஆம் ஆண்டு தீபாவளிக்கு வந்த 'நாயகன்'. வரதராஜ முதலியாரின் வாழ்க்கையைத் தழுவியது. மாட்டுங்கா ரயில் நிலையத்தருகே அவர் நடத்திய விநாயகர் விழா அந்நாளில் நகரமே பேசிய ஒன்று. மணிரத்னம் படத்தைப் பெரிதும் சென்னையில்தான் எடுத்தார். தாராவியைத் தோட்டா தரணி அரங்கமாகக் கட்டி எழுப்பினார். நடிப்புக்கும் ஒளிப்பதிவுக்கும் கலை இயக்கத்துக்கும் தேசிய விருதுகள் கிடைத்தன. ஒரு சேட் குடிசைகளை இடிக்க ஆள் அனுப்பும்போது, வேலு தன் மக்களோடு போய் அந்தச் சேட்டின் மாளிகையை நொறுக்கும் காட்சியில் திரையரங்கம் எழுந்து நின்றது. இடிப்பவனுக்கும் வீடு உண்டு, அதற்கும் கண்ணாடி உண்டு என்பதைச் சொன்ன காட்சி அது.

'நாயகன்' உறவுகளைக் கையாளும் விதம் நுட்பமானது. நாளைய கணக்குத் தேர்வுக்குப் படிக்க வேண்டுமென்று விடுதி அறையில் கெஞ்சும் நீலாவை வேலு மணந்துகொள்கிறார். மகள் சாருமதி தந்தையின் வன்முறையை ஏற்க மறுத்து வீட்டை விட்டு வெளியேறுகிறாள். அவள் கணவனாக வருபவர் காவல் அதிகாரி. வேலுவால் கொல்லப்பட்ட காவலரின் மனைவியும் மனவளர்ச்சி குன்றிய மகனும் வேலுவின் பணத்தில் வாழ்கிறார்கள். இறுதியில் அந்த மகன் கையாலேயே வேலு சாகிறார். ஊர் மொத்தமும் வணங்கும் மனிதரை அவர் வீட்டுக்குள்ளேயே ஒரு பெண் குற்றக்கூண்டில் நிறுத்துகிறாள் என்பதுதான் படத்தின் உயிர். ஆயினும் அந்த விசாரணை தந்தைக்கும் மகளுக்கும் இடையிலேயே முடிந்துவிடுகிறது. வேலுவிடம் உதவி கேட்டு வரிசையில் நிற்கும் மக்களில் எவருக்கும் அவரிடம் கேள்வி இல்லை. நீலாவுக்கும், மனைவியான பிறகு, சொல்வதற்கு அதிகமில்லை. அவள் மரணம்கூட வேலுவின் துயரமாகவே நமக்கு வந்து சேர்கிறது.

அதே ஆண்டுகளில் வேறொரு தமிழ்க் குடும்பத்தின் கதை உச்ச நீதிமன்றத்தில் எழுதப்பட்டது. 1981 ஜூலையில் மகாராஷ்டிர முதல்வர் அந்துலே, நடைபாதையில் வாழ்பவர்களை அப்புறப்படுத்தி அவரவர் சொந்த ஊருக்கே அனுப்பப்போவதாக அறிவித்தார். அதை எதிர்த்த வழக்குகளில் 1985 ஜூலை 10 அன்று தீர்ப்பு வந்தது. வாழ்வுரிமையில் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என்று சொன்னதால், சட்டம் படிப்பவர்கள் அனைவரும் அறிந்த ஓல்கா டெல்லிஸ் தீர்ப்பு அது. மனுதாரர்களில் ஒருவர் சேலத்தைச் சேர்ந்த நிலமற்ற கூலித் தொழிலாளி. வறட்சியால் ஊரைவிட்டு 1961இல் பம்பாய் வந்தவர். ஒரு வேதிப்பொருள் நிறுவனத்தில் நாட்கூலி வேலை பார்த்தார். மேற்கு விரைவு நெடுஞ்சாலையின் ஓரத்தில் பிளாஸ்டிக் தாளும் கித்தானும் கொண்டு மூடிய ஒரு கூடாரத்தில் மனைவியோடும் மூன்று மகள்களோடும் வாழ்ந்தார். அந்தக் கூடாரத்துக்காக ஒரு குடிசைத் தாதா அவரிடம் 2,500 ரூபாய் பறித்திருந்தான்.

தீர்ப்பில் பதிவான இந்தச் சிறு குறிப்பைத் தமிழ்த் திரையுலகம் வாசித்திருந்தால் என்னவாகியிருக்கும் என்று எண்ணிப் பார்க்கலாம். அதில் தாதா காவலன் அல்லன்; வாடகை வாங்குபவன். வீடற்றவனுக்கு நடைபாதையை விற்பவன். அவனுக்கும் அந்தச் சேலத்துக் குடும்பத்துக்கும் உள்ள உறவில் அச்சம் உண்டு, தேவை உண்டு, ஒருவேளை நன்றியும் உண்டு. அந்த மூன்றும் கலந்த நிலையை எடுத்துக் காட்டத்தான் கலை வேண்டும். தீர்ப்பு வந்த இரண்டே ஆண்டில் வெளியான 'நாயகன்' அந்த உறவின் ஒரு பக்கத்தை, நன்றியின் பக்கத்தை மட்டும், எடுத்துக்கொண்டது.

அதே தீர்ப்பு இன்னொன்றையும் செய்தது. நடைபாதை வாசிகளை உரிய அறிவிப்புக் கொடுத்து, மழைக்காலம் முடிந்தபின் அகற்றலாம் என்றது. 1976ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் பதிவானவர்களுக்கு மாற்றிடம் தர வேண்டும் என்றது. உரிமையைத் தீர்மானிக்கும் தாளின் வரலாறு இப்படி நீள்கிறது: 1976இன் அடையாள அட்டை, பிறகு 1995, பிறகு 2000, பிறகு 2011, இப்போது 2022. ஒவ்வொரு தேதியும் குடும்பங்களை இரண்டாகப் பிரிக்கிறது. அண்ணன் இந்தப் பக்கம், தம்பி அந்தப் பக்கம். ரேஷன் அட்டை யார் பெயரில் இருந்தது, மின்இணைப்பு யார் பெயரில் இருந்தது என்பதெல்லாம் உடன்பிறந்தார் நடுவே வழக்காகிறது. கணவன் இறந்தபின், அல்லது கணவன் வேறொரு துணையைத் தேடிக்கொண்டபின், அட்டையில் பெயரில்லாத மனைவியின் நிலை என்ன? சமூகச் சிக்கலும் உறவுச் சிக்கலும் ஒன்றாகும் இடம் இது. நூறு திரைக்கதைகளுக்கு வேண்டிய முரண் இங்கே கிடக்கிறது.

1995இல் வந்த 'பம்பாய்' இந்த இடத்துக்குச் சற்று நெருங்கி வந்தது. திருநெல்வேலிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஓடிவந்த சேகரும் ஷைலா பானுவும் ஒரு வாடகை அறையில் வாழ்க்கையைத் தொடங்குகிறார்கள். மணமாகியும் தனிமை கிடைக்காமல் அவர்கள் தவிக்கும் காட்சிகள் மெல்லிய நகைச்சுவையோடு வருகின்றன. மும்பை வாழ்க்கையின் மறுக்க முடியாத உண்மை அவற்றில் இருக்கிறது. பிறகு 1992 டிசம்பர், 1993 ஜனவரிக் கலவரங்கள் கதையைப் பற்றிக்கொள்கின்றன. 900 பேர் இறந்ததாக ஸ்ரீகிருஷ்ணா ஆணையம் பதிவுசெய்த அந்தக் கலவரத்தில் தாராவியும் எரிந்தது. அதைப் பேசத் துணிந்ததற்காகவே 'பம்பாய்' மதிக்கத்தக்கது. இயக்குநரின் வீட்டின்மீது குண்டு வீசப்பட்டது அந்தத் துணிவின் விலை. ஆனால் கதை போகப்போக அந்த வாடகை அறை மறைந்து, திருமணம் நாட்டு ஒற்றுமையின் சின்னமாகிறது. இந்துவும் முஸ்லிமும் கைகோர்ப்பது முடிவாகிறது. கலவரம் ஓய்ந்த மறுநாள் அதே கட்டடத்தில் யார் யாருக்கு வாடகைக்கு இடம் கொடுத்தார்கள், யார் மறுத்தார்கள் என்பது கதைக்கு வெளியே நின்றுவிடுகிறது. கலவரத்துக்குப் பின் மும்பை மதவாரியாகப் பிரிந்து குடியேறிய வரலாறு அந்த வாடகைக் கேள்வியிலிருந்துதான் வளர்ந்தது.

பா. இரஞ்சித்தின் 'காலா' 2018 ஜூனில் வந்தது. தாராவியைப் பற்றிய தமிழ்ப் படங்களில் நிலத்தை மையக் கேள்வியாக வைத்த முதல் பெரிய படம் என்று அதைச் சொல்லலாம். சலவைத்துறையை இடிக்க வரும் இயந்திரங்களை மக்கள் எதிர்ப்பதில் படம் தொடங்குகிறது. தூய்மை என்ற சொல்லுக்குள் ஒளிந்திருக்கும் சாதியை அது வெளியே இழுத்துப் போடுகிறது. உறவுகளிலும் அது பழைய தடத்தை உடைத்தது. ஈஸ்வரி ராவ் ஏற்ற செல்வி கணவனை அதட்டுகிறாள், கிண்டல் செய்கிறாள், அவனுடைய பழைய காதலைப் பற்றி நேருக்கு நேர் பேசுகிறாள். அந்தப் பழைய காதலியான சரீனா, தனித்து மகளை வளர்க்கும் பெண். குடியிருப்புத் திட்டத்தோடு ஊருக்குத் திரும்பியவள். காலாவோடு கருத்து மாறுபடும் உரிமை அவளுக்கு உண்டு. புயல் என்ற மராத்திப் பெண், காவலர்கள் தன் உடையைப் பறித்தபோது உடையைத் தேடாமல் கீழே கிடந்த கட்டையை எடுக்கிறாள். அந்த ஒரு கணத்துக்காகவே 'காலா' நீண்ட நாள் நினைக்கப்படும். தாராவியில் உருவான டோப்படெலிக்ஸ் குழுவின் சொல்லிசை படத்தில் ஒலித்ததும் சிறு செய்தியன்று. ஊர் தன் குரலிலேயே பேசிய அரிய நிகழ்வு அது.

இருந்தும் 'காலா'வில் தாராவி ஒன்றுபட்ட ஒரே உடல். எதிரி வெளியே, வெள்ளை உடையில், பெரிய மாளிகையில் இருக்கிறான். காலாவின் வீடோ மகன்களும் மருமகள்களும் பேரப்பிள்ளைகளும் நிறைந்த கூட்டுக் குடும்பம். உள்ளே இருக்கும் வேறுபாடு இளையவர்களின் கருத்து மாறுபாடாகவே வருகிறது. வீட்டுக்காரருக்கும் குடித்தனக்காரருக்கும் உள்ள நலன் மாறுபாடாக வருவதில்லை. உண்மையான தாராவியில் கட்டுமான நிறுவனத்துக்கு எதிரான போராட்டம் தடுமாறுவது இந்த இடத்தில்தான். கீழ்த்தளத்தாருக்கு இலவச வீடு உறுதி என்று சொல்லப்படும்போது மேல்தளத்தாரின் கூக்குரலில் அவர் சேர்வாரா? பட்டறை உரிமையாளர் வணிக இடத்துக்காகப் பேரம் பேசும்போது, இரவில் அதே பட்டறையில் படுத்துறங்கும் பீகார் இளைஞனுக்காக யார் பேசுவார்? 'காலா' எழுப்பிய முழக்கம் சரியானது. அந்த முழக்கத்தின் பின்னால் எல்லாரும் ஒன்றாக நிற்க முடியாமல் செய்வது எது என்ற கேள்விக்கு அந்தப் படம் வரவில்லை.

மும்பையின் அறைக்குள் நுழைந்து பார்த்த படங்கள் இல்லாமல் இல்லை. சுதீர் மிஸ்ரா 1992இல் எடுத்த 'தாராவி'யில் ஓம் புரி ஏற்ற டாக்ஸி ஓட்டுநர், சாயப்பட்டறை வாங்கும் கனவில் சேமிப்பையெல்லாம் போட்டு இழக்கிறார். பணத்தோடு சேர்ந்து மண வாழ்க்கையும் கரைகிறது. சோயா அக்தரின் 'கல்லி பாய்' 2019இல் ஒரே சிறு வீட்டுக்குள் தந்தை இரண்டாம் மனைவியைக் கொண்டுவருவதையும், முதல் மனைவியும் மகனும் அதை அங்கேயே சகித்துக் கிடப்பதையும் காட்டியது. தமிழில் 2022இல் ஜெயமோகன் எழுத்தில் கௌதம் மேனன் இயக்கிய 'வெந்து தணிந்தது காடு' தென் மாவட்டத்திலிருந்து பரோட்டாக் கடை வேலைக்குப் போகும் இளைஞனைப் பின்தொடர்ந்தது. கடைப் பையன்கள் வரிசையாகப் படுத்துறங்கும் அந்த அறையில், தமிழ்த் திரை அதுவரை காணாத ஒரு மும்பை தெரிந்தது. ஆனால் விரைவிலேயே கையில் துப்பாக்கி வந்தது. கதை பழைய பாதைக்குத் திரும்பியது.

செம்பூரிலிருந்தே ஒரு சான்று உண்டு. ராஜ் கபூர் 1948இல் தொடங்கிய ஆர்.கே. ஸ்டூடியோ அங்கேதான் இருந்தது. அவர் நிறுவனம் 1955இல் எடுத்த 'ஸ்ரீ 420' நடைபாதை ஏழைகளுக்கு 100 ரூபாயில் வீடு என்று ஆசை காட்டிப் பணம் திரட்டும் மோசடியைப் பற்றியது. எழுபது ஆண்டுகளுக்கு முன்பே இந்தி சினிமா வீட்டுக் கனவையே கதையாக்கியது. ஏமாற்றுபவனைக் கதாநாயகனாகவும் வைத்து அவனையே நாண வைத்தது. 2017இல் தீப்பிடித்த அந்த ஸ்டூடியோ நிலத்தை 2019இல் கோத்ரெஜ் நிறுவனம் வாங்கியது. ஏழையின் வீட்டுக் கனவைப் படமாக்கிய நிலத்தில் உயர்வகைக் குடியிருப்பு எழுந்தது. அதே செம்பூரை அடுத்த தேவ்னார் குப்பைமேட்டில் ஒரு பகுதி இப்போது தாராவியிலிருந்து வெளியேற்றப்படுபவர்களின் வீடுகளுக்காக ஒதுக்கப்பட்டிருக்கிறது. இந்த இரண்டு செய்திகளையும் அருகருகே வைத்தாலே ஒரு படத்தின் முதல் காட்சி கிடைத்துவிடும்.

மாட்டுங்காவுக்கும் தாராவிக்கும் உள்ள உறவையும் தமிழ்த் திரை தொடவில்லை. விடியற்காலையில் தாராவியில் அவிக்கப்படும் இட்லி மிதிவண்டிகளில் ஏறி நகரெங்கும் போகிறது. மும்பையின் நடுத்தர வகுப்பு வீடுகளில் பாத்திரம் தேய்த்துத் துணி துவைப்பவர்களில் தாராவிப் பெண்களும் உண்டு. ஒரே மொழி பேசும் இருவர், ஒருவர் வீட்டு எஜமானி, மற்றவர் வேலைக்காரர். மொழி அவர்களை நெருக்குகிறது. சாதியும் கூலியும் விலக்குகின்றன. 'அக்கா' என்ற சொல்லுக்குள் இருக்கும் அன்பும் தொலைவும் இந்த உறவில் ஒருங்கே ஒலிக்கும். தமிழரெல்லாம் ஒன்று என்ற பெருமிதத்துக்கு இந்தக் காட்சி இடையூறு என்பதாலோ என்னவோ, அது எழுதப்படவேயில்லை.

வெகுமக்கள் சினிமாவிடம் இதையெல்லாம் எதிர்பார்க்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. அவர்கள் கேள்வியில் நியாயம் இருக்கிறது. கேலிக்கு ஆளான ஒரு சமூகத்துக்கு முதலில் தேவைப்பட்டது நிமிர்ந்த முதுகு. அதைத் தந்தது 'நாயகன்'. இடிப்பு இயந்திரத்தின் முன் நின்றவர்களுக்குத் தேவைப்பட்டது கோபம். அதைத் தந்தது 'காலா'. அந்தக் கொடைகளைக் குறைத்து மதிப்பிடுவது அறமாகாது. தாராவிச் சுவர்களில் ரஜினிகாந்தின் படத்தை ஒட்டிய இளைஞன் ஏமாளி அல்லன். தன்னைப் பெரிதாகக் காட்டிய ஒரு கண்ணாடியை அவன் போற்றுகிறான். ஆனால் ஒரே கண்ணாடியை நாற்பது ஆண்டுகள் பார்த்துக்கொண்டிருக்கும் ஊர், தன் முதுகுப்புறம் என்ன நடக்கிறது என்பதை அறியாமல் போகும்.

வேறு வழி இருக்கிறது என்பதற்கு அண்டைத் தமிழ்நாட்டுக்குக் கூப்பிடு தொலைவில் உள்ள மலையாளமே சான்று. பாயல் கபாடியாவின் 'ஆல் வீ இமேஜின் ஆஸ் லைட்' 2024இல் கான் திரைப்பட விழாவில் கிராண்ட் பிரீ விருதைப் பெற்றது. படத்தின் பெரும்பகுதி மலையாளத்தில் பேசுகிறது. மும்பை மருத்துவமனை ஒன்றில் வேலைபார்க்கும் இரு மலையாளச் செவிலியர்கள் ஓர் அறையைப் பகிர்ந்து வாழ்கிறார்கள். ஒருத்தியின் கணவன் ஜெர்மனியில் இருக்கிறான், பேச்சில்லை. மற்றொருத்தி ஒரு முஸ்லிம் இளைஞனைக் காதலிக்கிறாள். இருவரும் தனித்திருக்க இந்த மாநகரில் ஓரிடம் இல்லை. அதே மருத்துவமனையில் சமையல் வேலை பார்க்கும் பார்வதி ரத்னகிரிப் பக்கத்து மராத்திப் பெண். பல்லாண்டு வாழ்ந்த வீட்டிலிருந்து கட்டுமான நிறுவனம் அவளை வெளியேற்றுகிறது. கணவன் இறந்துவிட்டான், அங்கே வாழ்ந்ததற்குத் தாள் ஒன்றும் அவள் கையில் இல்லை. இந்தப் படத்தில் தாதா இல்லை, காப்பாற்ற வருபவர் எவரும் இல்லை. இரவில் அடுக்குமாடி விளம்பரப் பலகையின்மீது இரு பெண்கள் கல்லெறிகிறார்கள். அவ்வளவுதான் அவர்களால் முடிந்தது. அந்தச் சிறு கல்லில் ஒரு நகரத்தின் நிலக்கொள்கை முழுதும் அடிபடுகிறது.

தமிழில் இப்படிப்பட்ட படம் ஏன் வரவில்லை என்பதற்குத் தயாரிப்புச் செலவு, நட்சத்திரச் சந்தை என்று பல காரணங்கள் சொல்லலாம். முதற்காரணம் எளியது. தாராவிக் கதைகளைப் பெரிதும் சென்னையில் இருந்தவர்களே எழுதினார்கள். தொலைவிலிருந்து பார்ப்பவருக்கு ஊரின் உயரமான மனிதர்தான் தெரிவார், ஏணி தெரியாது. இன்று நிலைமை மாறக்கூடும். தாராவியில் பிறந்து, தமிழும் மராத்தியும் இந்தியும் கலந்து பேசி வளர்ந்து, கல்லூரி முடித்து, கைப்பேசியிலேயே படம் எடுக்கத் தெரிந்த ஒரு தலைமுறை வந்துவிட்டது. கணக்கெடுப்பு அலுவலர் கதவைத் தட்டியபோது அம்மா எந்தப் பெட்டியிலிருந்து எந்தத் தாளை எடுத்து நீட்டினாள், அதைப் பார்த்துக்கொண்டு நின்ற மாடிவீட்டுப் பெண்மணியின் முகம் எப்படி இருந்தது என்பது அவர்களுக்குத்தான் தெரியும்.

அதை எழுதுவதற்கு நாள் அதிகம் இல்லை. கட்டடங்கள் எழுந்துவிட்டால் அந்தச் சந்துகள் இருக்கப்போவதில்லை. கீழ்வீட்டார் 350 சதுர அடியில் ஏதோ ஒரு தளத்துக்கு மின்தூக்கியில் போவார்கள். மேல்வீட்டார் தேவ்னாரிலோ வேறெங்கோ புது அண்டை வீட்டாரோடு பழகத் தொடங்குவார்கள். காய்ச்சலுக்குக் கஞ்சி கொடுத்தவரும் வாங்கிக் குடித்தவரும் பிறகு சந்தித்துக்கொள்வார்களா என்பது எந்தத் திட்ட அறிக்கையிலும் இடம்பெறாத செய்தி. அதைக் கேட்க வேண்டிய இடம் கதை ஒன்றே. தாராவியைப் பற்றி அடுத்து எடுக்கப்படும் தமிழ்ப் படம், தலைவரின் வீட்டு வாசலில் தொடங்காமல், ஒரு பெண் குடத்தோடு ஏறும் இரும்பு ஏணியின் முதற்படியில் தொடங்கட்டும்.